எதிர்மேசைக்காரியும் கண் மருந்தும்

அன்புள்ள அம்மாவுக்கு,

நான் நல்லா இருக்கேன். உங்க முட்டிவலி தேவலையா? அப்பா மாத்திரையை ஒழுங்கா போடுறாரா? வீடியோ கால்ல வந்தா நான் இளைச்சதைப் பத்தியே பேசுவீங்க, அதான் காகிதத்துல எழுதறேன்.

நேத்து ஒரு கூத்து நடந்துச்சும்மா. சட்டை மடிக்கிற மேசையில எனக்கு எதிர்ல நிக்கிறவ வேற நாட்டுக்காரி, நாங்க பேசுறதெல்லாம் மொழிபெயர்க்கிற போன் வழியாத்தான். காலையில என் கால் தெரியாம அவ மேல பட்டுருச்சு. பழக்கதோஷம், சட்டுனு அவளைத் தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிட்டேன். பதறிப்போயிட்டா. போன்கிட்ட விளக்கமா சொன்னேன். அது அவகிட்ட என்னத்தைச் சொல்லுச்சோ, ஓடிப்போய்க் கண்ணுக்குச் சொட்டு மருந்தோட வந்து நின்னா. வேற வழியில்லாம விட்டுக்கிட்டேன்.

சாயங்காலம் கிளம்பும்போது அவ கால் என் சாப்பாட்டுப் பையில இடிச்சுது. அவ போனை எடுக்கவே இல்லை. குனிஞ்சு பையைத் தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிட்டு என்னைப் பார்த்துச் சிரிச்சா. சந்தோஷத்துல எனக்குத் தலைகால் புரியலம்மா.

அடுத்த பார்சல்ல தலையில குத்துற கிளிப் ரெண்டு வைங்க, ஒண்ணு அவளுக்கு. நீங்க போர்த்துற பழைய போர்வையும் வேணும். புதுசு வாங்கிடாதீங்க.

வேலைக்குப் போற பஸ் வந்துரும், முடிச்சுக்கறேன். மடிக்கிறதுக்கு முன்னாடி இந்தக் காகிதத்தை உங்க காலா நினைச்சுத் தொட்டுக் கண்ணுல ஒத்திக்கிட்டேன். வீடியோ கால்ல உங்க கால் தெரியறதே இல்லம்மா.

உங்க மக