பூசத்தில் முகில் உண்டு என்று எழுதியது பற்றி

பங்குனித் திங்கள் இருபதாம் நாள், பொழுது சாயும் வேளையில், நெடுங்கோட்டு வான்மேடையில் கூடியிருந்தோர்: கோ நெடுவரையரின் ஆணை தாங்கி வந்த அமைச்சர் மாவளத்தார், ஏழு தலைமுறையாக அம்மேடையில் வானம் பார்க்கும் குடியின் மூத்தவராகிய பெருங்கணி மருதந்தையார், அவர் மகள் செங்கோதை, உவர்த்துறையில் ஓலை வாசித்து அண்மையில் வேலையிலிருந்து நீக்கப்பட்ட எழுத்தர் கொற்றன், உப்பளத்தோர் பொருட்டு முறையிட வந்த உமணர் மூத்தாள் நெய்தி. மேடைப்படியில் ஒரு நாய் கிடந்தது. அதைச் சாட்சியாக எழுத வேண்டாம் என்று அமைச்சர் சொன்னார்.

உவர்த்துறைக் காவலரும் கோவின் கடற்கை எனப் பெயர் பெற்றவருமாகிய ஆதனாருக்கு, நெடுங்கோட்டுப் பெருங்கணி மருதந்தையார் கோவின் ஆணைப்படி விடுக்கும் ஓலை. உங்கள் பாத்திகள் வெள்ளையாய் விளைக. உங்கள் கலங்கள் புறப்பட்ட துறைக்கே திரும்பி வருக. பெருங்கணிக் குடியில் எவரும் ஓலையில் தம்மை 'நான்' என்று எழுதும் வழக்கம் இல்லை. ஆகவே அவரைப் பற்றியும் பிறரைப் போலவே இதில் எழுதப்படுகிறது.

பெருங்கணி விடுத்த இரண்டு ஓலைகளும் பொய்த்தன என்றும், அவற்றை நம்பி உவர்த்துறையின் ஓராண்டு உப்பு அழிந்தது என்றும், ஆதலால் வான்மேடையை அக்குடியிடமிருந்து வாங்கி வேறு குடிக்குக் கொடுக்க வேண்டும் என்றும் நீங்கள் எழுதியது அவையில் எல்லோர் முன்னும் வாசிக்கப்பட்டது. பெருங்கணிக்கு இருக்கை காட்டினார்கள். அவர் உட்காரவில்லை. வாசித்து முடியும்வரை நின்றே கேட்டார்.

அவருக்கு ஒன்றும் விளங்கவில்லை. மாசி ஐந்தாம் நாள் எழுதிய ஓலையில் மழை வராது என்று எழுதினார், வரவில்லை. இருபத்திரண்டாம் நாள் எழுதியதில் மழை வரும் என்று எழுதினார். மூன்று நாள் கொட்டியது. சொன்னது சொன்னபடி நடந்திருக்க, பொய்த்தது எது?

விசாரணையில் அவரவர் சொன்னதை மாற்றாமல் எழுத வேண்டும் என்பது கோவின் ஆணை. ஆகவே நெய்தி சொன்னது அவள் சொன்னபடியே: "மேகம் இருக்குன்னு ஓலை வந்துச்சு. அண்ணாந்து பாத்தா ஒரு துணுக்கு மேகம் இல்ல. சரி, பெரியவுக சொல்றாகன்னு விளையாத உப்பை வாரிக் கீத்துப் போட்டு மூடினோம். பதினேழு நாளு வெயிலு சும்மா போச்சு. அப்புறம் மேகம் இல்லைன்னு ஓலை வந்துச்சு. கீத்தை எடுத்தோம். ஊத்துச்சு பாருங்க! குவிச்ச உப்பு குவிச்ச இடத்துலயே கரைஞ்சு போச்சு. உங்க வானம் எந்த ஊர்ல இருக்கு, ஐயா?"

பெருங்கணி, தாம் எழுதியது நேர்மாறானது என்று அமைச்சரிடம் சொன்னார். உடனே கொற்றன், "ஐயா மாத்திச் சொல்றாரு. ரெண்டு ஓலையும் என் மடியிலயே இருக்கு" என்று எடுத்து நீட்டினான். பெருங்கணி வாங்கிப் பார்த்தார். முதல் ஓலையில் 'பூசத்தில் முகில் உண்டு' என்று இருந்தது. இரண்டாவதில் 'பூசத்தில் முகில் இல்லை' என்று இருந்தது. எழுத்து அவருடையது, முத்திரையும் அவருடையது. மூன்று முறை வாசித்தார். ஒரு பிழையும் காணவில்லை. "சரியாகத்தானே எழுதியிருக்கிறது" என்றார். "அதைத்தானே நானும் சரியா வாசிச்சேன்" என்றான் கொற்றன். அமைச்சர் தலையைப் பிடித்துக்கொண்டார்.

அப்போது செங்கோதைதான் கொற்றனிடம் கேட்டாள்: "அண்ணே, முகில்னா என்னன்னு ஊர்ல சொன்னீங்க?"

"இதென்னம்மா கேள்வி? முகில்னா மேகம். உங்க வீட்டுல அதுக்கு வேற பேரா?"

உண்மையில் அவர்கள் வீட்டில் வேறுதான். பூச நாளுக்குரிய விண்மீன்களின் நடுவே வெளுத்த திட்டு ஒன்று உண்டு. கண்ணாடியில் ஊதிய மூச்சுப்போலத் தெரியும். கூர்ந்து பார்ப்பவர்க்கு அது நெருங்கிக் கிடக்கும் சிறு மீன்களின் கொத்து என்பது புலப்படும். வானத்தின் உயரத்தில் ஈரம் ஏறிவிட்டால், பெரிய மீன்கள் தெரியும்போதே இந்தக் கொத்து மட்டும் மறைந்துபோகும். அப்படி மறைந்தால் மூன்று நாளுக்குள் மழை என்பது இக்குடியின் கணிப்பு. முதல் பெருங்கணி அந்தத் திட்டுக்கு முகில் என்று பெயர் வைத்தார். அன்றுமுதல் அவ்வீட்டில் முகில் உண்டு என்றால் வெயில், முகில் இல்லை என்றால் மழை.

முப்பது ஆண்டுகளாக உவர்த்துறையில் அந்த ஓலைகளை வாங்கி வாசித்தவர் பெருங்கணியின் தம்பி வேட்டனார். முகில் உண்டு என்று வாசித்துவிட்டு, வெயிலடிக்கும், உப்பை விளைய விடுங்கள் என்று ஊராரிடம் அவர் சொல்லிவந்தார். சென்ற மார்கழியில் அவர் காலமானார். அவர் இருந்த இடத்துக்கு நீங்கள் கொற்றனை அமர்த்தினீர்கள். தம்பிக்காகப் பெருங்கணி பதினாறு நாள் துக்கம் காத்தார். ஆனால் தம்பியோடு அந்தச் சொல்லின் பொருளும் உவர்த்துறையை விட்டுப் போனது என்பது அவருக்குத் தோன்றவே இல்லை. தம் வீட்டுச் சொல் நாட்டாருக்கும் தெரிந்த சொல் என்றே எழுபது வயதுவரை எண்ணியிருந்தார்.

அமைச்சர் இதை உடனே ஏற்கவில்லை. பிழை வெளிப்பட்டபின் கட்டிய கதையாகவும் இருக்கலாம், வானம் இருட்டியதும் பார்த்துவிடுவோம் என்றார். தந்தையை மேடையின் கீழ்முனையிலும் மகளை மேல்முனையிலும் நிறுத்தி, ஒருவர் சொல்வது மற்றவர் காதில் விழாதபடி, பூசத்தில் முகில் உண்டா என்று தனித்தனியே கேட்டார். செங்கோதை உண்டு என்றாள். பெருங்கணி நெடுநேரம் பார்த்தார். பெரிய மீன்கள் தெரிந்தன. நடுவே ஒன்றும் இல்லை. இல்லை என்றார்.

கொற்றனையும் கேட்டார்கள். அவன் வானத்தைச் சுற்றிப் பார்த்துவிட்டு, "மேகமா? சுத்தமா இல்லைங்க" என்றான்.

மூவரையும் ஒன்றாக அழைத்து விடைகளைச் சொன்னதும் குழப்பம் இரட்டித்தது. பெருங்கணியும் கொற்றனும் ஒரே விடை சொல்லியிருந்தார்கள்; ஆனால் பெருங்கணியின் 'இல்லை' மழை, கொற்றனின் 'இல்லை' வெயில். மகள் தந்தைக்கு மாறாக 'உண்டு' என்றாள். அவள் சொன்னதன் பொருளோ கொற்றன் சொன்னதேதான். "அப்போ இப்ப உப்பை மூடணுமா, தொறக்கணுமா? அதைச் சொல்லுங்க சாமி, நான் ஊருக்குப் போறேன்" என்றாள் நெய்தி. 

மாசி ஓலைகளுக்கு வானம் பார்த்தது எவர் என்று அமைச்சர் அப்போது கேட்டார். இந்த வீடு பார்த்தது என்றார் பெருங்கணி.  வீட்டில் எவர் என்று அமைச்சர் அன்று வற்புறுத்தவில்லை.

மூன்று நாள் காத்திருந்தார்கள். ஒரு துளி விழவில்லை. செங்கோதையின் 'உண்டு' பலித்தது. நான்காம் நாள் காலையில் அமைச்சர் தீர்ப்பைச் சொன்னார். மாசி ஓலைகள் இரண்டும் கணிப்பில் வழுவாதவை. ஊராருக்கு விளங்காத சொல்லால் எழுதியது பெருங்கணியின் குற்றம். விளங்காததை விளங்கியதாகக் கொண்டு கேளாமல் விட்டது உவர்த்துறையின் குற்றம். வான்மேடை இக்குடியிடமே இருக்கும்.

ஆகவே கோவின் ஆணைப்படி உவர்த்துறைக் காவலர் செய்ய வேண்டியவை: வேலையிலிருந்து நீக்கிய கொற்றனை மீண்டும் அதே வேலையில் அமர்த்துக; அவன் இருந்ததை இருந்தபடி வாசித்தவன். நெய்தியின் உப்பளத்தோர் இந்தக் கோடைக்குள் மறுவிளைச்சல் எடுக்கும்வரை பாத்தி வரியை நிறுத்திவைக்க. இனி இவ்வீட்டு ஓலைகளில் முகில் என்ற சொல் வராது. பூசக்கொத்து தெரிந்தது அல்லது தெரியவில்லை என்று எழுதி, அதன் கீழே மழை வரும் அல்லது வராது என்று தனி வரியில் எழுதப்படும். ஏழு தலைமுறைச் சொல்லை விடுவது பெருங்கணிக்கு எளிதாக இருக்கவில்லை. ஆயினும் இந்த ஓலையிலேயே தொடங்குகிறார்:

பூசக்கொத்து தெரிந்தது. மழை வராது. உப்பைத் திறந்து வைக்கலாம்.

பங்குனி இருபத்துநான்காம் நாள். ஏழு மீன் பொறித்த குடிமுத்திரை இட்டது. மறுப்பின்றிச் செய்க, செய்ததை எழுதுக.

முத்திரையிட்ட பின் எழுதியது: பெருங்கணிக்கு முதுமை வந்ததால் வானம் பார்க்க மகள் செங்கோதை துணை செய்கிறாள் என்று உவர்த்துறையில் ஒரு பேச்சு இருப்பதாகக் கேள்வி. அது பிழை. இரண்டு ஆண்டுகளாக வானம் பார்ப்பவள் செங்கோதை. துணை செய்பவர் மருதந்தையார்.