பாறைக்கடி எலும்பும் உங்கள் தாலியும்

மதினி, சுகமாக இருக்கிறீர்களா? நீங்கள் போன இடத்தில் இந்தக் குளிர் இல்லாமல் இருந்தால் சரி. இங்கே மழை விட்டபாடில்லை. எனக்கு எழுத்து தெரியாது, அது உங்களுக்கே தெரியும். நான் சொல்லச் சொல்ல மகள் எழுதுகிறாள். நடுவில், "சுருக்கமா சொல்லுங்கப்பா" என்கிறாள். சுருக்கமாகச் சொல்ல நான் என்ன தந்தியா அடிக்கிறேன்?

காலையில் அவரைக்கொடிப் பாத்தி கொத்தினேன். மண்வெட்டியில் ஒரு வெள்ளைக்கல் சில்லு ஏறி வந்தது. நகம் அளவுதான், ஆனால் பிளேடு மாதிரிக் கூர். கழுவிப் பார்த்ததும் மூக்கில் அந்தப் பாறைக்கடிப் புழுதி ஏறிவிட்டது. மலைமேல் கவிந்த பாறைக்கு அடியில், மழை படாத, சாம்பல் நாறும் அந்தப் புழுதி. அங்கிருந்து நான் சுமந்து வந்த மண்ணில்தான் இந்தக் கல் ஒளிந்திருக்க வேண்டும்.

அந்த மண்ணைப் போட்டால் கொடி கூரையேறும் என்று எனக்குச் சொன்னதே உங்கள் வீட்டுக்காரர்தான். லயத்து வரிசையில் பக்கத்துக் காம்பிரா அறையில் இருந்தாலும் எனக்கு அவர் கூடப் பிறந்த அண்ணன் மாதிரி. மண்ணைப் பற்றி அவருக்கு எப்படித் தெரியும் என்று நீங்கள் ஒருநாளும் கேட்டதில்லை. இப்போது சொன்னால் குற்றமில்லை. அவர் கள்ளச்சாராயம் காய்ச்சுகிற கசிப்புப் பானை அந்தப் பாறைக்குக் கீழேதான் இருந்தது.

அப்புறம் ஒருநாள் அவருக்கும், எங்களை மேய்க்கிற கங்காணிக்கும் வாய்த்தகராறு. கம்பளியைத் தோளில் போட்டுக்கொண்டு அந்தப் பாறைப் பக்கம் ஏறிப் போனவர்தான். இரண்டு தீபாவளி கழிந்தும் ஆளைக் காணோம். சாமிப் படத்துக்கு முன்னால் நீங்கள் அவர் வேட்டியைத் துவைத்து மடித்து வைத்துக்கொண்டே இருந்தீர்கள்.

நான் மண் எடுக்கப் போன அன்று, வெட்டிய பள்ளத்தின் ஓரச் சுவரில் ஒரு முழங்கால் எலும்பு துருத்திக்கொண்டு நின்றது. கொஞ்சம் சுரண்டினேன். உட்கார வைத்து மடக்கின மாதிரி ஒரு ஆள். எலும்பெல்லாம் சிவப்பு. நான் போட்ட கூச்சலில் மலை முழுக்கக் கூடிவிட்டது.

"ரத்தம்டா இது! அடிச்சு மடக்கி வச்சிருக்கானுங்க" என்றார் கங்காணி. "இந்தப் பக்கம் வந்து காணாமப் போனவன் வேற யாரு?"

அவ்வளவுதான். தப்படிக்கிறவர் லயம் லயமாகச் சாவுச் சேதியை அடித்துச் சொல்லிவிட்டார். தேயிலைத் தோட்டம் முழுக்க அரைநாள் லீவு கிடைத்தது. அரைநாள் லீவு என்றால் நம்ம ஆட்கள் அழுகிற அழுகையே தனி. உங்கள் வீட்டு வாசலில் பெண்கள் கட்டிப் பிடித்து ஒப்பாரி வைத்தார்கள். பதினாறாம் நாள் ஆற்றங்கரையில் தாலி இறக்குவது என்று பேசி முடித்தார்கள்.

நீங்கள் மட்டும் அழவில்லை. "பல்லக் காட்டுங்க" என்றீர்கள். "அவருக்கு முன்பல்லு ஒண்ணு இல்ல. கொழுந்து லொறியில ஏறுறப்போ வுழுந்து ஒடஞ்சது. பல்லக் காட்டுங்க, நம்புறேன்."

"பொம்பள சுடுகாட்டுக்கு வரக்கூடாதும்மா" என்றார் கங்காணி. தப்பு அடித்த பிறகு பாறைக்கடி சுடுகாட்டுக் கணக்காம். அடையாளம் பார்க்கக் கேட்ட ஒரே ஆளுக்கு அங்கே போக வழியில்லை. எங்களில் ஒருத்தரும் அந்த முகத்துமேல் இருந்த மண்ணைத் தொட முன்வரவில்லை.

நல்ல வேளை, தோட்டத்துத் துரைக்குப் பழைய கல் பொறுக்குகிற பைத்தியம் இருந்தது. வந்து குனிந்து பார்த்தார். எலும்பைப் பார்க்கவில்லை, சுற்றிக் கிடந்த வெள்ளைச் சில்லுகளைத்தான் பார்த்தார். யாரும் கை வைக்கக் கூடாது என்று காவல் போட்டுக் கொழும்புக்குச் சொல்லி அனுப்பினார்.

கொழும்பிலிருந்து ஒரு சிங்கள மாத்தயா வந்தார், பழங்காலத்தைத் தோண்டிப் பார்க்கிற பெரிய மனுசர். நான் குழி, கிடங்கு வெட்டுகிறவன், எனக்கு அவர் வேலையைப் பார்த்தால் கொட்டாவி வந்தது. கரண்டியால் கிள்ளுவார், தூரிகையால் தட்டுவார், ஊதுவார். மண்ணையெல்லாம், ஃபேக்டரியில் தூள் சலிக்கிற மாதிரி, சலிக்க வேண்டும் என்றார். அதற்குக் கொழுந்தெடுக்கிற விரல்கள்தான் வேண்டுமாம். காலையில் வேலை பிரிக்கிற பெரட்டில் ஆள் கேட்டபோது முதலில் பேர் கொடுத்தது நீங்கள்.

கங்காணி குதித்தார். "தாலி எறக்கப் போறவ சுடுகாட்டு மண்ண சலிக்கிறதா?"

"சுடுகாட்டுக்கு வரல கங்காணி. வேலைக்கு வந்திருக்கேன். தொர போட்ட வேல. வேணும்னா தொரகிட்ட சொல்லுங்க."

அந்த ஆள் அடுத்த பேரைக் கூப்பிடப் போய்விட்டார்.

சல்லடையில் நத்தை ஓடு வந்தது, கரிந்த எலும்பு வந்தது, வெள்ளைச் சில்லு வந்தது. இரும்பு என்று ஒரு ஆணி இல்லை. உங்கள் கண் சல்லடையில் இல்லை, அந்த மண்டை ஓட்டில்தான் இருந்தது. பதினாறாம் நாளுக்கு முதல் நாள் மத்தியானம் மாத்தயா வாய்ப்பக்கம் மண்ணைத் தட்டி எடுத்தார். நீங்கள் சல்லடையைப் போட்டுவிட்டு ஓடினீர்கள்.

முன்வரிசை முழுசாக இருந்தது. தேய்ந்து தட்டையாக, ஆனால் ஒன்றுகூடக் குறையாமல்.

"அவரு இல்ல" என்றீர்கள். அப்புறம்தான் அழுதீர்கள். கொழுந்தெடுக்கையில் இடுப்பில் கட்டுகிற படுதாவைக் கடித்துக்கொண்டு, அப்படி ஒரு அழுகை.

மாத்தயாவுக்கு ஒன்றும் புரியவில்லை. எனக்குத் தெரிந்த சிங்களத்தில் விஷயத்தைச் சொன்னேன். அவர் சிரித்துவிட்டுத் தமிழிலேயே சொல்லப் பார்த்தார். "அம்மா, இது ஆம்பள இல்ல. இடுப்பு எலும்பு பாரு, பொம்பள." ஓரச் சுவரைக் காட்டினார். சாம்பல் வரி, மண் வரி, மறுபடி சாம்பல் வரி. "இது மேல ஒருத்தரும் குழி வெட்டல. வெட்டினா வரி அறுந்து போகும். ரொம்பப் பழசு. ஆயிரம் ஆயிரம் வருஷம்." அப்போது தேயிலையும் இல்லை, துரையும் இல்லை, நெல்லுகூட இல்லையாம். நத்தையும் கிழங்கும் தின்று இந்தக் குளிரில் இருந்திருக்கிறார்கள்.

"அப்ப அந்த ரத்தம்?" என்றார் கங்காணி, விடாமல்.

ரத்தமில்லையாம். காவிக்கல்லைத் தேய்த்து, செத்த ஆளுக்குப் பூசி அனுப்புகிற நிறமாம்.

நீங்கள் கண்ணைத் துடைத்துவிட்டு அந்த எலும்புக்குப் பக்கத்தில் குந்தினீர்கள். "ஆசையாத்தான் அனுப்பி வச்சிருக்காங்க" என்றீர்கள்.

"தப்பு அடிச்சாச்சே, அதுக்கு என்ன பண்றது?" என்று கங்காணி முனகினார்.

"அவளுக்கு அடிச்சதா இருக்கட்டும். இத்தன வருஷமா தேடி அழ ஆளில்லாமக் கெடந்தவ."

ஒரு மாரியம்மன் திருவிழா கழிந்து அண்ணன் ஹட்டன் பஸ்ஸில் வந்து இறங்கினார். குருநாகல் பக்கம் தேங்காய்த் தோட்டத்தில் இருந்தாராம். நீங்கள் ஒரு வார்த்தை ஏசவில்லை. "வாயத் தொறங்க" என்றீர்கள். அவரும் ஒன்றும் புரியாமல் திறந்தார். அந்த ஓட்டைப் பல்லைப் பார்த்த பிறகுதான் சோறு போட்டீர்கள்.

போன மாசம் உங்களைப் பாடையில் தூக்குவதற்கு முன்னால், அண்ணன் குங்குமத்தை எடுத்து உங்கள் நெற்றியில் வைத்தார். கை நடுங்கி அது மூக்குவரை சிந்திவிட்டது. எல்லோரும் அழுதார்கள். எனக்கு மட்டும், மதினி, அந்தச் சிவப்பு எலும்பு ஞாபகம் வந்தது. பாறைக்கடியில் இருந்தவளுக்கும் இப்படித்தான் ஒருத்தன் கை நடுங்க, சிந்தச் சிந்தப் பூசியிருப்பான் என்று தோன்றியது. சாவு என்றால் எனக்கு இருந்த பயம் அங்கேயே பாதி போய்விட்டது.

இந்தச் சில்லை வெற்றிலைப் பையில் போட்டு வைத்திருக்கிறேன். பாக்கு வெட்டக்கூட ஆகும் போல அத்தனை கூர். இதைச் செய்த கை அவளுடைய கையாக இருந்தால்...

"டேய் தம்பி! பந்தலுக்குக் கம்பு வெட்டி வச்சிருக்கேன், மழ வர்றதுக்குள்ள வாடா!"

அண்ணன்தான். அன்றைக்கு நாங்கள் தப்படித்து அனுப்பி வைத்த மனுசன், என்ன சத்தம் போடுகிறார் பாருங்கள். இதோ வந்துவிட்டேன் அண்ணே! மதினி, மிச்சத்தை அவரிடம் சொல்லிக்கொண்டே நான் பந்தல் போடப் போகிறேன்.