ஸ்பானிஷ் பேய்க்கும் தண்ணீர்க் கட்டுப்பாடு

தண்ணீரை அளந்து குடித்து, சிரிப்பை மட்டும் அளக்காமல் கொடுத்த என் மைமூன் அக்காவுக்கு,

நேற்று நான் டயாலிசிஸுக்குப் போகவில்லை. வேன் வந்து ஹார்ன் அடித்தது. "சரோ, ஏறும்மா, நிக்குது பாரு" என்று இவர் கெஞ்சினார். சாமி அறையை விட்டு நான் எழுந்து வரவில்லை. பக்கத்து நாற்காலியில் நீங்கள் இல்லாமல் நாலு மணி நேரம் எப்படிப் படுத்திருப்பேன்?

அந்தப் படம் நினைவிருக்கிறதா அக்கா? போனில் பழைய தமிழ்ப் பேய்ப் படம் தேடிய உங்கள் விரல் எங்கேயோ பட்டு, புரியாத பாஷையில் ஒரு கறுப்பு வெள்ளைப் படம் ஓட ஆரம்பித்தது. நர்ஸ் மிஸ்ஸி எட்டிப் பார்த்து, "ஆண்ட்டி, இது ஸ்பானிஷ்லா! ரத்தம் குடிக்கிற பேய்!" என்றார். நான் முருகா முருகா என்று கண்ணை இறுக மூடிக்கொண்டேன்.

"கண்ணத் தொற சரோ. நம்ம ரத்தம் வெளிய சுத்துது, அதப் பாத்துக்கிட்டே ரொட்டி திங்கிறோம். இவன் என்ன பெருசா பண்ணிடப் போறான்?"

திறந்தேன். பாழடைந்த மாளிகை. விருந்தாளிக்குச் சாப்பாடு வைத்துவிட்டு அந்தப் பேய்ப் பிரபு தான் மட்டும் எதையும் தொடாமல் நின்றான். நீங்கள் உற்றுப் பார்த்தீர்கள். "மொகம் வெளுத்துக் கெடக்கு. தண்ணிகூடத் தொடல. பகலெல்லாம் பொட்டியில படுத்தே கெடக்குறான். ரத்தம் இல்லாட்டி ஆள் இல்ல. சரோ, இவனுக்குக் கிட்னி போயிருச்சுலா!"

நான் சிரித்த சிரிப்பில் கை அசைந்து மெஷின் கத்தியது. மிஸ்ஸி ஓடி வந்து இருவரையும் திட்டினார். அன்றிலிருந்து அவன் 'நம்ம ஆளு' ஆகிவிட்டான். அவனுக்கு நீங்கள்தான் குரல். "நீங்க சாப்புடுங்க தம்பி, எனக்குப் பொட்டாசியம் ஏறிடும்." வாரம் மூன்று நாள், கொஞ்சம் கொஞ்சமாகப் பார்த்தோம். கடிபட்ட பெண் கழுத்தைத் துணியால் மூடிக்கொள்ளும் இடத்தில் மட்டும் நீங்கள் பேசவில்லை. உங்கள் கை துடோங்குத் தலைத்துணிக்குள் போய், மெஷினுக்காகப் போட்ட கழுத்துக் குழாயைத் தொட்டது. நான் பார்க்காதது போல இருந்தேன்.

உங்கள் மகள்தான் சொன்னார், ஒரே மாளிகை செட்டில் பகலெல்லாம் ஆங்கிலப் படம் எடுப்பார்களாம். அவர்கள் போனதும் ராத்திரியில் ஸ்பானிஷ்காரர்கள் வந்து அதே இடத்தில் நிற்பார்களாம். "நாமளும் அதான்லா. காலைல வந்தவ எந்திரிச்சா, அந்தச் சூட்டுலயே நாம படுக்குறோம்" என்றீர்கள். சிரிப்பாகத்தான் இருந்தது அப்போது.

போன சனிக்கிழமை பேத்தி கல்யாணம். "காலைல வந்து மெஷின்ல படுத்துட்டுப் போங்களேன் அக்கா" என்று எத்தனை முறை சொன்னேன்? "நம்ம ஆளு பொட்டியில வருஷக்கணக்கா கெடக்குறான். எனக்கு ஒரு நாளு தாங்காதா?" என்று வராமலே இருந்துவிட்டீர்கள்.

செவ்வாய்க்கிழமை உங்கள் நாற்காலி காலியாக இருந்தது. ஊசி ஏறிய பிறகுதான் மிஸ்ஸியின் முகத்தைப் பார்த்தேன். "காலைல வீட்டுலயே போயிட்டாங்க ஆண்ட்டி. அசர் தொழுகைக்கு அடக்கம்." என்னைக் கழற்றிவிடுங்கள் என்று கத்தினேன். "இப்பதானே போட்டோம், முடியாத இந்தக் காலோட எங்க போவீங்க?" என்றார். நான் மெஷினில் கட்டுண்டு கிடந்தபோது பாலிக் புலா இடுகாட்டில் உங்களை மண்ணில் வைத்துவிட்டார்கள். உங்கள் முகத்தை நான் பார்க்கவே இல்லை. ஒரு கை ஊசியில்; மறு கையால்தான் கண்ணைத் துடைத்துக்கொண்டே இருந்தேன்.

புதன்கிழமை மிஸ்ஸி போன் செய்தார். உங்கள் நாற்காலிக்குப் புது ஆள் போட்டாயிற்றாம். அதனால்தான் நேற்றுப் போகவில்லை அக்கா. குடிக்கும் தண்ணீருக்குக்கூடக் கணக்கெழுதுகிற நான், நேற்று எதையும் எழுதவில்லை.

இன்று காலை உங்கள் மகள் கூப்பிட்டார். நான் போகாததை மிஸ்ஸி சொல்லியிருக்கிறார். திட்டுவார் என்று நினைத்தேன். அழுதார்.

"கல்யாணத்துல உம்மா எல்லாருக்கும் பரிமாறினாங்க ஆண்ட்டி. கடைசில ஒரு கிளாஸ் ரோஸ் சிராப், ஐஸ் போட்டு, முழுசா குடிச்சாங்க. நாங்க தடுக்கல. அவ்ளோ சந்தோஷமா இருந்தாங்க. ஒரே ஒரு நாளு ஆண்ட்டி... அந்த ஒரு நாளுதான் உம்மாவுக்குத் தாங்கல. நீங்களும் அப்படிச் செய்யாதீங்க. உம்மாவோட சிரிப்பு எப்படி இருக்கும்னு கேக்க எனக்கு வேற யாரு இருக்கா?"

போனை வைத்துவிட்டு உட்கார்ந்தேன். கால்கள் ஊதிக் கிடந்தன. மூச்சு பாதியில் நின்று நின்று வந்தது. கோபமா பொறாமையா தெரியவில்லை, ஒன்று மட்டும் கேட்கத் தோன்றியது. அந்த சிராப் எவ்வளவு இனிப்பாக இருந்தது அக்கா?

மிச்சப் படத்தை நான் பார்க்கவில்லை. உங்கள் குரல் இல்லாமல் அவன் என்ன பேசுவான்?

மிஸ்ஸிக்குப் போன் போட்டுச் சொல்லிவிட்டேன். நாளை வேன் வரும்போது வாசலில் நிற்பேன். உங்கள் நாற்காலியில் யார் படுத்திருந்தாலும் ஒரு முறை திரும்பிப் பார்ப்பேன். பார்க்காமல் இருக்க என்னால் ஆகாது. ஊசி ஏறும்போது வழக்கம்போல முருகா என்று கத்துவேன். ஆனால் கையை நீட்டுவேன் அக்கா. இனி ஒரு நாளும் விடாமல் நீட்டுவேன்.

ஒரு வயிற்றில் பிறக்காத உங்கள் தங்கை,
சரோஜா