கால்வாசி என்று நினைத்த கடன்

மார்ச் 4

காலையில் இறங்கிப் பார்த்தால் என் வண்டிக்கு அண்ணன் காற்றடித்து வைத்திருக்கிறான். கேட்காமலே. இரண்டு சக்கரத்துக்கும். இவனுக்கு என்னிடம் என்ன வேண்டும்? இல்லை, எதைத் தர முடியாமல் இந்த உபசாரம்?

இந்த மாதத்தோடு ஐந்து வருஷம் முடிகிறது. அவனுக்கும் தெரியும், எனக்கும் தெரியும். இரண்டு பேரும் தெரியாத மாதிரி நடமாடுகிறோம்.

பின்னால் யாரும் மாற்றிப் பேசக் கூடாது என்பதற்காக எழுதி வைக்கிறேன். இந்த வீட்டை வாங்கும்போது எனக்கு இருபத்திரண்டு வயது, வேலையில் முதல் வருஷம். கடன் முப்பது லட்சம், அண்ணன் பெயரில், இருபது வருஷம். தவணையில் பாதி என் சம்பளத்திலிருந்து. "அஞ்சு வருஷம் மட்டும் தோள் கொடு பாப்பா. அதுக்குள்ள கடன் எவ்வளவு குறையுதோ, அதுல சரிபாதியை உன் கையில எண்ணி வெக்கறேன். அப்புறம் மிச்சம் என் பாடு" என்று சொன்னான். அம்மா சாட்சி.

இருபதில் ஐந்து கால்வாசி. முப்பதில் கால்வாசி ஏழரை. ஏழரையில் பாதி மூன்றே முக்கால். மூன்றாம் வகுப்புக் கணக்கு. அந்த மூன்றே முக்கால் லட்சத்தை நினைத்துக்கொண்டுதான் ஐந்து வருஷமாகப் பிளாஸ்டர் தூசியைத் தின்கிறேன்.

மார்ச் 6

இன்று பட்டறைக்கு ஒன்பது வாய் அச்சுகள் வந்தன. பல் டாக்டர்கள் அனுப்பும் அச்சில் பிளாஸ்டர் ஊற்றி, மெழுகில் பல் அடுக்கி, வேகவைத்து, தேய்த்து, பளபளப்பாக்கி அனுப்புவது எங்கள் வேலை. பல் செட்டைப் போட்டுக்கொண்டு சிரிப்பவர்களுக்கு நாங்கள் இருப்பதே தெரியாது. முதலாளிக்கும் சம்பள நாளன்று தெரியாது.

மெழுகு மதியம் என்னை ஓரமாக இழுத்துப் போனாள். (மெழுகில் அவள் அளவுக்குப் பல் அடுக்க ஆளில்லை. அதனால் அந்தப் பெயர்.) நாங்களே சொந்தமாகப் பட்டறை போட, மருந்துக் கடைக்குப் பின்னால் ஓர் அறை காலியாகிறதாம். குழாய் இருக்கிறது, ஜன்னல் இருக்கிறது. பழைய மெஷின்களும் விலைக்கு வருகின்றன.

"நீ மூணரை லட்சம், நான் மூணரை. ஏப்ரல் கடைசிக்குள்ள அட்வான்ஸ் கொடுக்கணும். இல்லேன்னா அந்த ரூமை எவனாவது முடிவெட்டற கடைக்குப் பிடிச்சுடுவான்."

"என் பணம் ரெடி" என்றேன். எவ்வளவு தெம்பாகச் சொன்னேன்!

மார்ச் 9

அண்ணனிடம் கேட்டேன். "பார்க்கலாம்" என்றான். இந்த வீட்டில் 'பார்க்கலாம்' என்றால் இல்லை.

மார்ச் 13

சாட்சியங்கள்.

துணி துவைக்கும் மெஷின் புதிது. போன மாதம் வந்தது. யார் பணம்? ஃபோன் வந்தால் அண்ணன் பால்கனிக்குப் போகிறான். கிடங்கு மேற்பார்வையாளனுக்குப் பால்கனியில் பேசும் அளவுக்கு என்ன ரகசியம்? 'கடன்' என்ற சொல் வந்தால் அண்ணி எழுந்து அடுப்படிக்குப் போகிறாள். அம்மா டிவி சத்தத்தைக் கூட்டுகிறாள்.

நான் மெஷினையே பார்த்துக்கொண்டு நின்றதை அண்ணி பார்த்துவிட்டாள். "என்ன பல்லு டாக்டரம்மா, அப்படி முறைக்கிறே? முறைச்சா துணி வெளுக்காது. சோப்பு போடணும்."

சிரிக்கிறாள். சிரிக்கட்டும்.

மார்ச் 15

ஒன்றேகால் லட்சத்துக்குக் கொஞ்சம் மேலே.

அதுதான் என் பங்காம். கையைப் பிசைந்துகொண்டு சொல்கிறான்: "கடன் ரெண்டரை லட்சத்துக்குச் சொச்சம்தான் குறைஞ்சிருக்கு பாப்பா. அதுல பாதி."

ரெண்டரையா? மாசம் இருபத்தாறாயிரம், அஞ்சு வருஷம். பதினஞ்சரை லட்சம் கட்டியிருக்கோம்! என் கையிலேர்ந்து மட்டும் எட்டு லட்சத்துக்குக் கிட்ட. ரெண்டரை குறைஞ்சுதுன்னா மீதி பதிமூணு எங்கே போச்சு? காத்துல போச்சா?

கேட்டேன். எல்லாவற்றையும் கேட்டேன். மெஷினைக் கேட்டேன், பால்கனியைக் கேட்டேன். "வட்டிக்குப் போச்சு" என்றான். "வட்டியா? பதிமூணு லட்சமா? யார்கிட்ட காது குத்தறே? நீ தின்னுட்டே" என்றேன்.

அம்மா டிவியை அணைத்தாள். "கூடப் பொறந்தவனைப் பார்த்து என்ன பேச்சுடி இது?"

"பணத்தைப் பார்த்துப் பேசறேன்."

அண்ணன் கையையே பிசைந்துகொண்டிருந்தான். திருடாதவன் கத்துவான் இல்லையா? ஏன் கத்தவில்லை?

மார்ச் 16

குழம்பில் உப்பில்லை. எல்லோரும் அப்படியே சாப்பிட்டு எழுந்தோம்.

மார்ச் 20

அரை நாள் லீவு போட்டு வங்கிக்குப் போனேன். கடன் அவன் பெயரில் இருப்பதால் எனக்குக் காட்ட மாட்டார்களாம். ஐந்து வருஷம் பாதி கட்டியவளுக்கு எட்டிப் பார்க்கக்கூட உரிமையில்லை. அண்ணனுக்கு ஃபோன் செய்து, "வா" என்றேன். மறுபேச்சுப் பேசாமல் கிடங்கிலிருந்து வந்துவிட்டான். அவ்வளவு சுலபமாக வந்ததும் எனக்குச் சந்தேகமாகத்தான் இருந்தது.

கடன் பிரிவில் இருந்தவனுக்கு என் வயதுதான். டை கட்டியிருந்தான். மேல் வரிசையில் ஒரு பல் முன்னால் தள்ளியிருந்தது. திரையை எங்கள் பக்கம் திருப்பினான்.

ஒரு தவணை விடாமல் கட்டியிருக்கிறான் அண்ணன். ஒன்றுகூடத் தாமதமில்லை. கட்டிய ஒவ்வொரு நூறிலும் எண்பத்து மூன்று வட்டி. பதினேழுதான் கடனில் கழிந்திருக்கிறது.

"இதுல தப்பு எதுவும் இல்ல மேடம். ஆரம்ப வருஷங்கள்ல இப்படித்தான் இருக்கும். மொத்தக் கடனுக்கும் வட்டி ஓடுது இல்ல? அதை எடுத்தது போக மிச்சம்தான் அசலுக்கு. போகப் போக மாறும்."

"போகப் போகன்னா? இன்னும் பதினஞ்சு வருஷம்தானே?"

அவன் திரையைப் பார்த்தான். அண்ணன் தன் செருப்பைப் பார்த்தான்.

"இருபது வருஷம் பத்து மாசம்."

எனக்குச் சிரிப்பு வந்துவிட்டது. அடக்க முடியவில்லை. இருபது வருஷக் கடன். ஐந்து வருஷம் கட்டியாயிற்று. மீதி இருபது வருஷம் பத்து மாதம்! இந்த மாதிரி ஒரு கழித்தலை எந்த வாத்தியார் சொல்லித் தந்தார்?

மாறும் வட்டிக் கடனாம். மூன்றாவது வருஷம் வட்டி எட்டரையிலிருந்து பத்தாக ஏறியிருக்கிறது. ஏறினால் தவணையை ஏற்றலாம், இல்லையென்றால் வருஷத்தை நீட்டலாம். "எது வேணும்னு சாருக்கு அப்பவே மெசேஜ் அனுப்பியிருக்கோம். பதில் வரலேன்னா தவணை அப்படியே இருக்கும். வருஷம்தான் நீளும்."

தவணை அப்படியே இருந்ததால் எனக்கு எதுவும் தெரியவில்லை. அதற்காகத்தான் அப்படியே வைக்கிறார்கள். சம்பளத்தில் நூறு ரூபாய் கூடப் பிடித்தால் கூச்சல் போடுவோம். ஆறு வருஷத்தை உருவினால் உறைக்காது.

பஸ் நிறுத்தத்தில் கேட்டேன். "உனக்குத் தெரியுமா?"

"தெரியும்."

"ரெண்டு வருஷமா?"

"ம்."

"ஏன் சொல்லல?"

"சொன்னா நீ கட்டறதை நிறுத்திடுவே. தனியாளா என்னால முடியாது பாப்பா."

எங்கள் தலைக்கு மேலே ஒரு விளம்பரம். வாடகைப் பணத்திலேயே சொந்த வீடு! கீழே ஒரு குடும்பம் பல்லைக் காட்டுகிறது. நிஜப் பல் அவ்வளவு வெள்ளையாக இருக்காது. தொழில் தெரிந்தவள் சொல்கிறேன்.

மார்ச் 21

அண்ணன் திருடவில்லை. அது தெரிந்தும் மனம் ஆறவில்லை. திருடன் என்று ஒருவன் இருந்திருந்தால் சட்டையைப் பிடித்திருக்கலாம். இங்கே எல்லாம் ஒழுங்காக, கையெழுத்தோடு, தேதி தவறாமல் நடந்திருக்கிறது. பதின்மூன்று லட்சம் போயிருக்கிறது, ஒரு குற்றவாளிகூடக் கிடையாது.

ஆனால் வருஷம் நீண்டதை அவன் என்னிடம் மறைத்தான். அது அவன் கணக்கு. வங்கியின் தலையில் போட முடியாது.

சாயங்காலம் எதிர்க் கட்டடத்தைப் பார்த்தேன். ஜன்னல் ஜன்னலாக விளக்கு. அதில் எத்தனை பேருக்குத் தங்கள் வருஷம் நீண்டது தெரியும்? கேட்டால் எல்லோரும் 'சொந்த வீடு' என்றுதான் சொல்வார்கள்.

மார்ச் 27

முழுக் கணக்கையும் போட்டேன். இப்படியே போனால், வாங்கிய முப்பதுக்குக் கடைசியில் கட்டுவது எண்பத்தொன்று. ஏறக்குறைய மூன்று வீட்டின் பணத்தில் ஒரு வீடு. அதுவும் வட்டி இனி ஏறாமல் இருந்தால். முடியும்போது அண்ணனுக்கு வயது ஐம்பத்தைந்து.

அண்ணி வந்து பக்கத்தில் உட்கார்ந்தாள். வெகுநேரம் தாளையே பார்த்தாள். "இந்த வருஷம் நீண்ட சமாசாரம் எனக்கும் நீ போட்ட சண்டையிலதான் தெரியும். பொண்டாட்டிகிட்டயும் வாயைத் திறக்கல உங்கண்ணன்."

நம்பவில்லை. முகத்தில் எழுதியா இருக்கிறது? மெஷினும் தவணையில்தான் வாங்கியதாம், தன் சேமிப்பில் முன்பணம் கட்டி. ரசீதைக் கொண்டுவந்து காட்டினாள். சரி, அதை நம்பினேன்.

"தவணையைக் கொஞ்சம் ஏத்திக் கட்டினா?" என்று கேட்டாள்.

எனக்குத் தோன்றாத கேள்வி. நான் பாட்டுக்குத் திருடனைத் தேடிக்கொண்டிருந்தேன்.

மார்ச் 30

டை கட்டியவனிடம் கேட்டு வந்தோம், அண்ணன், அண்ணி, நான் மூன்று பேரும். இனி அண்ணியோ நானோ தனியாகப் போனாலும் கணக்கைக் காட்டச் சொல்லி அண்ணனிடம் அங்கேயே எழுதி வாங்கிக் கொடுத்தேன். மாதம் மூவாயிரத்து முன்னூற்றுச் சொச்சம் கூடக் கட்டினால் பதினைந்தே வருஷத்தில் முடியும். மொத்தத்தில் பன்னிரண்டு லட்சம் மிச்சம். இரண்டு வருஷம் முன்பே ஏற்றியிருந்தால் இன்னும் மிச்சமாகியிருக்கும். இதை ஏன் வாயால் சொல்லவில்லை என்றேன். "நீங்க கேக்கலையே மேடம்" என்றான். கேட்கத் தெரிந்தவனுக்கு மட்டும் பதில் சொல்வதற்கா இவ்வளவு பெரிய கட்டடம்?

ஏப்ரல் 2

அண்ணி குண்டைப் போட்டாள். மருந்து பேக்கிங் ஆலையில் வேலைக்குச் சேர்கிறாளாம். கல்யாணத்துக்கு முன்னால் பார்த்த வேலைதான்.

"இவ பாதியையும் அந்தக் கூடுதலையும் நான் கட்டறேன். இவ பங்கைக் கொடுத்து இவளை விடுங்க. ஆனா பத்திரத்துல என் பேரும் ஏறணும்."

"நாலு பேர் என்ன சொல்வாங்க?" என்று அண்ணன் இழுத்தான்.

"அந்த நாலு பேர்கிட்டயே தவணையும் வாங்கிட்டு வாங்க. நான் வீட்டுலயே உக்காந்துக்கறேன்."

அம்மாகூடச் சிரித்துவிட்டாள்.

என்னைக் கழற்றிவிட்டு வீட்டைத் தன் பக்கம் இழுக்கிறாளா? இருக்கலாம். எழுதி வைக்கிறேன், இருக்கலாம். இருந்தாலும் அவள் கேட்டது நியாயம். ஐந்து வருஷம் முன்பு எனக்குக் கேட்கத் தோன்றாதது.

ஏப்ரல் 23

அண்ணன் ஒரு லட்சத்து முப்பத்து மூன்றாயிரத்தை மேஜைமேல் வைத்தான். கம்பெனியில் முன்பணமாக வாங்கியது. என்னிடம் பட்ட கடனுக்கு இன்னொரு கடன். எண்ணிப் பார்த்துத்தான் எடுத்தேன். அவன் எதிரிலேயே.

ஏப்ரல் 25

"மூணரை எங்கே?" என்றாள் மெழுகு. சொன்னேன். இடுப்பில் கை வைத்துக்கொண்டு முழுக்கக் கேட்டாள்.

"அஞ்சு வருஷம் கட்டிட்டு மூணரையில பாதிகூட இல்லையா? உன்னை நம்பி நான் எப்படிக் கணக்கு எழுதறது?"

மீதியை அவள் மாமா போடுகிறார். பாதிக்குப் பாதி என்ற பேச்சு போயிற்று. ஐந்தில் ஒரு பங்கு எனக்கு. "மூஞ்சியைத் தூக்கி வெச்சுக்காதே. சம்பளம் தனியாத் தர்றோம்" என்றாள். அவள் மாமாவிடம் அதை எழுதி வாங்கினேன். முகம் சுளித்தார். சுளிக்கட்டும்.

மே 11

புதுப் பட்டறையில் முதல் செட். மேல் தாடை. தேய்த்து முடித்ததும் வெளிச்சத்தில் தூக்கி மூன்று முறை பார்த்தேன்.

மே 19

மழை. "குடை எடுத்துட்டுப் போ" என்றான் அண்ணன். மார்ச்சுக்குப் பிறகு அவனாக என்னிடம் பேசியது இதுதான்.

ஜூன் 8

மதியம் அண்ணி பட்டறைக்கு வந்தாள், காலை ஷிஃப்ட் முடிந்து நேராக. ஆலையில் போடும் தொப்பி நெற்றியில் ஒரு கோடு பதித்திருந்தது. இங்கே அவள் வந்ததே இல்லை. மெழுகு நாற்காலியைத் தள்ளினாள். உட்காரவில்லை.

"இந்த மாசம் என் சம்பளத்துல முதல் தவணை போயிருக்கு" என்றாள். "அசல்ல ஆறாயிரத்து அறுநூறு கழிஞ்சுதாம். முன்னாடி கழிஞ்சதை விட டபுளாம். உங்கண்ணன் சொல்றாரு. பத்திரத்துல பேர் ஏத்தறதுக்கும் வங்கியில எழுதிக் கொடுத்துட்டாராம்." கைப்பையின் வாரை முறுக்கிக்கொண்டே நின்றாள். "வீட்டுல வெச்சுக் கேட்டா அவர் மனசு கஷ்டப்படும். நீ சொல்லு. நம்பலாமா?"

கையிலிருந்த பல் செட்டைத் தண்ணீரில் போட்டேன்.

"நம்பாதீங்க அண்ணி. பிளாஸ்டர் இறுக அரை மணி நேரம் ஆகும். அதுக்குள்ள வங்கிக்குப் போய்ப் பார்த்துட்டு வந்துடலாம்."

மெழுகிடம் சொல்லிவிட்டு வண்டியை எடுத்தேன். அண்ணி பின்னால் ஏறிக்கொண்டாள்.