காதுகுத்து பேனரில் முப்பத்தொரு முகம்

22.1.2025, புதன்

இன்றைக்கு டோக்கன் என் கைக்கு வந்தபோது மணி பன்னிரண்டரை. ஷூவுக்கு மேல்தோல் தைக்கிற எங்கள் லைனில் நாற்பது பொம்பளைகள். பாத்ரூம் போவதற்கு டோக்கன் ஒன்றே ஒன்று. ஒருத்தி போய் வந்தால்தான் அடுத்தவள் போகலாம். ஆர்த்திக்கு மூணு மாசம். கெஞ்சிக் கேட்டாள். தண்ணி கம்மியா குடி என்று சூப்பர்வைசர் கோபி சொன்னான். அவள் மிஷினிலேயே தலையைக் கவிழ்த்து அழுதாள். பதினோரு வருஷமாக நானும் வாயை மூடிக்கொண்டுதான் இருக்கிறேன். எனக்கு ஏன் இன்றைக்கு இவ்வளவு கோபம்?

26.1.2025, ஞாயிறு

பொன்னி அக்காவும் நானும் விழுப்புரம் சங்க ஆபீசுக்குப் போனோம். அக்கா எனக்குப் பக்கத்து மிஷின். எங்கள் கேட்டில் வருஷக்கணக்காக நோட்டீஸ் கொடுத்து, செக்யூரிட்டியிடம் விரட்டு வாங்குகிற அந்தோணிசாமி தோழர்தான் அங்கே இருந்தார். முந்நூறு பேர் வேலை செய்கிற கம்பெனி, சங்கம் பதிய பத்தில் ஒரு பங்கு, முப்பது பேர் கையெழுத்து வேண்டும் என்றார். மனு போடுகிற நாள் வரைக்கும் கம்பெனிக்கு மூச்சு தெரியக்கூடாது என்றார். டீ வாங்கிக் கொடுத்தார். 1936-ல் பாண்டிச்சேரி மில்லில் எட்டு மணி நேர வேலை கேட்டுப் பன்னிரண்டு பேர் குண்டடிபட்டுச் செத்த கதையைச் சொன்னார். இங்கிருந்து பஸ்ஸில் ஒரு மணி நேரம், எனக்கு இத்தனை நாள் தெரியாது. நாங்கள் கேட்கப் போவது பாத்ரூம் டோக்கன். கொஞ்சம் வெட்கமாகக்கூட இருந்தது.

30.1.2025

இருபத்தாறு பேர் சரி என்றுவிட்டார்கள். பயமாக இருக்கிறது. சந்தோஷமாகவும் இருக்கிறது.

2.2.2025, ஞாயிறு

முப்பது பேரை எங்கே ஒன்றாக உட்கார வைப்பது? வேன் டிரைவர் கம்பெனியின் காது. ஊரில் ஒரு வீட்டில் கூடினால் தெரு முழுக்கக் கேள்வி வரும். பொன்னி அக்காதான் வழி சொன்னாள். அவள் சின்னவன் தேவாவுக்கு இன்னும் காது குத்தவில்லை. திருவக்கரை கோயிலில் வைத்துக்கொண்டால் கூட வேலை செய்கிறவர்கள் வருவதை யார் கேட்கப் போகிறார்கள்? அக்காவுக்குக் கூடப்பிறந்தவன் கிடையாது, பிள்ளையை மடியில் வைக்கத் தாய்மாமன் வேண்டும். தோழரே உட்காரட்டும் என்றாள். போனில் சொன்னேன். மனுஷன் ரொம்ப நேரம் சிரித்தார், அப்புறம் சரி என்றார்.

6.2.2025

பேனர் அடிக்கக் கொடுத்தாச்சு. பேனர் இல்லாத காதுகுத்தை யார் நம்புவார்கள் என்று நான்தான் சொன்னேன். சொன்னது நான், எழுதி வைக்கிறேன். திண்டிவனத்துக் கடைக்காரர் எல்லார் போட்டோவும் கேட்டார். எங்களில் பாதிப் பேரிடம் கம்பெனி ஐடி கார்டில் இருக்கிற போட்டோவைத் தவிர வேறு கிடையாது. அதையே வாட்ஸப்பில் வாங்கி அனுப்பினேன். எல்லாரும் நீலக் கோட்டு. தாய்மாமன் போட்டோ மேலே பெரிதாக இருக்க வேண்டும் என்று அக்கா பிடிவாதம். தோழரைக் கேட்காமல் அவர் வாட்ஸப் படத்தையே எடுத்துக் கொடுத்துவிட்டேன். தோளில் சிவப்புத் துண்டு. என் முகம் நடுவில். இதுவரை எந்தப் பேனரிலும் நான் வந்ததில்லை.

9.2.2025, ஞாயிறு

முப்பத்தொன்று! ஒருத்திகூட வராமல் இருக்கவில்லை. தேவா தோழர் மடியில் உட்கார்ந்து ஊரைக் கூட்டினான். தோழர் கண்ணிலும் தண்ணீர். அப்புறம் கோயில் தாண்டி புளியமரத்தடியில் ஒவ்வொருத்தியாகக் கையெழுத்துப் போட்டோம். ஆர்த்தி வயிற்றைப் பிடித்துக்கொண்டே போட்டாள். மட்டன் குழம்பு. ஊர்க்காரப் பெண்களும் காலனிப் பெண்களும் ஒரே பந்தியில் உட்கார்ந்து சாப்பிட்டோம். வேனில் இத்தனை வருஷம் தனித்தனி சீட்டில்தான் போகிறோம்.

வியாழக்கிழமை மனுப் போட வேண்டும்.

12.2.2025, புதன்

செக்யூரிட்டி கேட்டிலேயே நிறுத்திவிட்டான். முப்பத்தொரு பேரையும்.

அவன் கையில் போன். போனில் எங்க பேனரு. ஞாயித்துக்கிழமை சாயங்காலம் கோபி குடும்பத்தோட கோயிலுக்கு வந்திருக்கான். ரோட்டில் நின்னுக்கினு படம் புடிச்சிருக்கான். சங்கத்துக்காரன் எப்படிடி உங்க எல்லாருக்கும் தாய்மாமன் ஆனான்னு செக்யூரிட்டி கேட்டு கெக்கெக்கேன்னு சிரிச்சான். முகத்தையும் போனையும் வச்சு வச்சுப் பார்த்து ஓரங்கட்டினான். தேடக்கூட வேலையில்லை. வரிசையா, பேரோட, கம்பெனி எடுத்த போட்டோவையே நான் அடுக்கிக் கொடுத்திருக்கேன். நான் இன்னா பண்ணிட்டேன்.

13.2.2025

தோழரைப் பார்த்தோம். திட்டுவார் என்று நினைத்தேன். “நாப்பது வருஷமா கொடி கட்டிக்கினு இருக்கேம்மா. லத்தியில உடைஞ்ச சங்கத்தைப் பார்த்திருக்கேன். பேனர்ல மாட்டினது இதான் முதல்” என்றார். சிரிக்க முயன்றார். வரவில்லை. மனுவை இன்றைக்கே போட்டுவிடலாம் என்றார். ஆனால் காலையிலேயே நாலு பேர் போன் பண்ணி என் பேரை எடுத்துடு என்று அழுதிருந்தார்கள். மீதி இருபத்தேழு. முப்பது இல்லை.

3.3.2025

கம்பெனி ஒரு கடிதம் வைத்திருக்கிறது. அதில் கையெழுத்துப் போட்டால் மறுநாள் வேலை. பதினெட்டுப் பேர் போட்டுவிட்டார்கள். என்ன எழுதியிருக்கிறது என்று யாரும் வாயைத் திறக்க மாட்டேன் என்கிறார்கள். ஆர்த்தி என்னைப் பார்த்ததும் தெருவின் அந்தப் பக்கம் போய்விட்டாள்.

16.3.2025, ஞாயிறு

பொன்னி அக்கா வந்தாள். ஆர்த்தியின் மாமியார் அந்தக் கடிதத்தை அவளிடம் காட்டியிருக்கிறாள். ‘பொன்னி என்பவர் தன் மகனுக்குக் காதுகுத்து என்று பொய் சொல்லி அழைத்துப் போய் ஏமாற்றிக் கையெழுத்து வாங்கினார்.’ எல்லார் கடிதத்திலும் அதே வரி. பேனர் யோசனை எனது, போட்டோ அடுக்கிக் கொடுத்தது நான், நடுவில் இருக்கிற முகமும் எனது. பழி மட்டும் அக்காவுக்கு, விசேஷம் அவள் வீட்டு விசேஷம் என்பதால். அவள் இனிமேல் எந்தக் கேட்டுக்குள்ளும் போக முடியாது.

அக்கா அழவில்லை. நான் போட்ட டீயைக் குடித்தாள்.

“போறவங்க போவட்டும் மலரு. புள்ளகுட்டிக்காரிங்க. நீ மட்டும் அதுல போடாத.”

செத்தாலும் போட மாட்டேன்க்கா என்றேன். தேவாவின் காது சீழ் பிடித்து இப்போதுதான் ஆறுகிறதாம்.

11.4.2025

எங்களை நிறுத்தியது பற்றி விழுப்புரம் லேபர் ஆபீசில் பேச்சுவார்த்தை. மூன்றாவது தடவையாகக் கம்பெனி ஆள் வரவில்லை. அடுத்த தேதி கொடுத்தார்கள். வெளியே மரத்தடியில் நானும் அக்காவும் தோழரும் மட்டும். தேதி வாங்கிக்கினே இருப்போம், வேற இன்னா இருக்கு நம்ம கையில என்றார் தோழர். அவருக்கும் வயசாகிவிட்டது, படி இறங்கும்போது அக்கா கையைப் பிடித்துக்கொண்டார்.

1.5.2025

மே தினம். சங்க ஆபீசில் கொடி ஏற்றினார்கள். ஒன்பது பேர் இருந்தோம். மிட்டாய் மீந்துவிட்டது. பாண்டிச்சேரியில் செத்த அந்தப் பன்னிரண்டு பேர் ஞாபகம் வந்தது. அவர்களுக்காவது எதிரே துப்பாக்கி இருந்தது. எங்களுக்கு ஒரு போன் போதுமாயிருந்தது.

20.5.2025

பக்கத்துக் கம்பெனிகள் இரண்டிலும் கேட்டுப் பார்த்தேன். இரண்டு கேட்டிலும் அதே படத்தைக் காட்டினார்கள். நடுவுல இருக்கிறது நீதானே?

9.6.2025

மூன்றாம் தடவை கேட்டபோதுதான் என் மகள் அருணா சொன்னாள், நர்சிங்குக்கு மனுவே போடவில்லையாம். அடுத்த வருஷம் பார்க்கலாம்மா என்கிறாள். அவள் அப்பா செத்துப்போன பிறகு இந்தப் பெண் என்னை எதுவும் கேட்டதில்லை. இன்றைக்கு அவள் நோட்டுக்குள் கம்பெனி வேலைக்கு எழுதிப் போடுகிற பாரம் பார்த்தேன். வேன் டிரைவர் கொடுத்திருக்கிறான். என் லைன், என் மிஷின். ஆள் குறைகிறதாம்.

பாரத்தைக் கிழித்தேன். வேற பாரம் வாங்க எவ்ளோ நேரம் ஆவும்மா என்றாள், மரியாதையாகத்தான்.

அந்த டோக்கனுக்கு என் பெண் கை நீட்டிக்கொண்டு நிற்பாள். தண்ணி கம்மியா குடின்னு அவளை எவனாவது சொல்லுவான்.

16.6.2025, திங்கள்

கையெழுத்துப் போட்டுவிட்டேன். அந்த மிஷினில் அருணா உட்காரக்கூடாது.

கோபி கடிதத்தைப் படித்துக் காட்டட்டுமா என்று கேட்டான். வேண்டாம், எனக்குத் தெரியும் என்றேன். அக்கா பேரை விரலால் மறைத்துக்கொண்டு போட்டேன். பதினோரு வருஷ சர்வீஸ் போச்சு, இனிமேல் காண்ட்ராக்ட். புதிதாக ஐடி போட்டோ எடுத்தார்கள். நேராப் பார் என்றான். பார்த்தேன்.

17.6.2025

அக்காவிடம் நானே சொல்ல வேண்டும் என்று போனை எடுத்தேன். நாலு தடவை. இன்றைக்கும் சொல்லவில்லை. இந்நேரம் யாராவது சொல்லியிருப்பார்கள்.

30.6.2025, திங்கள்

வேன் இப்போது கூட்டேரிப்பட்டு வழியாகப் போகிறது. பொன்னி அக்கா வீடு ரோட்டோரம். காதுகுத்து பேனரை அவள் அப்போதே ஆட்டுக்கொட்டகைக்குக் கூரையாகப் போட்டிருந்தாள். போன வாரம் முழுக்க அந்த இடம் வரும்போது வேனில் எல்லாரும் எதிர்ப்பக்கம் திரும்பிக்கொள்வார்கள். கூரையில் முப்பத்தொரு முகமும் ரோட்டைப் பார்த்துக்கொண்டிருக்கும். நான் போனை நோண்டுவேன்.

இன்றைக்குக் காலையில் பேனரைத் திருப்பிப் போட்டிருந்தாள். வெள்ளைப் பக்கம் மேலே. நாலு மூலையிலும் செங்கல். அக்கா வாசலில் மல்லாட்டை உடைத்துக் கடலையை முறத்தில் போட்டுக்கொண்டிருந்தாள். வேன் சத்தம் கேட்டும் தலை நிமிரவில்லை. எங்களுக்காகத்தான் திருப்பினாளா, எங்களைப் பார்க்கப் பிடிக்காமலா?

இனிமேல் எங்களை ஆடுகள்தான் பார்க்கும். ஆர்த்தி எனக்கு உட்கார இடம் கொடுத்து நகர்ந்தாள். பதினொன்றரைக்கு டோக்கன் வந்தது.