வெயிலில் இளகிய தேன்

டிச. 21, சனி, 1974
காலையிலிருந்து மூட்டம். துணி காயவில்லை. குழந்தை ஸ்டெல்லாவுக்கு லேசாகச் சளி.

கப்பலில் போயிருக்கும் என் வீட்டுக்காரரிடமிருந்து கடிதம், இத்தாலியில் நேப்பிள்ஸிலிருந்து. கப்பல் குசினியில் சமைப்பவர் அந்த ஊர்க்காரராம், அவர் வீட்டில் இவருக்குச் சாப்பாடு. கிறிஸ்துமஸுக்கு அங்கே வீட்டுக்கு வீடு ஸ்ட்ருஃபோலி என்று ஒரு பலகாரமாம். செய்முறை எழுதி, கீழே ‘உன்னால் முடியும்’. அதற்கு அடிக்கோடு வேறு.

மைதா, முட்டை, வெண்ணெய், சீனி, ஆரஞ்சுத் தோல். கொண்டைக்கடலை அளவு உருண்டை. பொரித்து, சூடாக்கிய தேனில் புரட்டி, தட்டில் வளையமாக அடுக்கணும்.

போன வருடம் என் அச்சுமுறுக்கு அச்சை விட்டு வரவே இல்லை. இவர் அம்மா, அதான் மாமி, கடை மக்ரூன் வாங்கித்தான் தெருவுக்குத் தட்டு அனுப்பினார்கள். பத்து வீட்டுக்கும் தெரியும். இந்த வருடம் தட்டில் இருப்பது நான் செய்ததாக இருக்க வேண்டும்.

டிச. 22, ஞாயிறு
பூசை முடிந்து வந்து மாமியிடம் சொன்னேன். தேன் என்றதும் முகம் மாறிவிட்டது.

“தேன அடுப்புல வைக்கவா? வெசம்லா அது! பச்சப்புள்ள இருக்க வீடு.”

நான் பி.எஸ்சி. கெமிஸ்ட்ரி மாமி, அப்படி ஒன்றும் ஆகாது என்றேன்.

“ஆமா, காலேசுல அடுப்புதான் ஊதுனியாக்கும்.”

படித்ததை நம்புகிறேன். ஆனாலும் மத்தியானம் ஸ்டெல்லா தூங்கும்போது இரண்டு தடவை போய் மூச்சு வருகிறதா என்று பார்த்தேன். அவள் இன்னும் தேனைத் தொடக்கூட இல்லை!

டிச. 23, திங்கள்
தூறல். உருண்டை பொரித்த நாள். பக்கத்து வீட்டு பிலோமி மதினி கதவுக்குப் பின்னால் நின்றே வேடிக்கை. “ஏளா, சீடை மாரி வெடிச்சிராம! மூஞ்சியத் தள்ளி வையி!” மாமி ஸ்டெல்லாவைத் தூக்கிக்கொண்டு தெருவுக்கே போய்விட்டார்கள்.

ஒன்றுகூட வெடிக்கவில்லை. பொன் நிறம். டின் நிறைய.

பாக்கி தேன்தான். பாட்டிலில் பாதி உறைந்து சீனி மாதிரி, கரண்டி இறங்கவில்லை. அடுப்பில் வைத்தால் மாமி தொடமாட்டார்கள். மாமி தொடாத தட்டு வாசல் தாண்டாது. என்ன செய்ய?

டிச. 24, செவ்வாய்
வெயில். எட்டு மணிக்கே சுள்ளென்று. பாட்டிலைக் கறுப்புத் துணியில் சுற்றி மாடியில் வைத்தேன், காயப்போட்ட கருவாட்டுக்குக் கொஞ்சம் தள்ளி.

மாமி ஏறி வந்து பார்த்தார்கள். “அடுப்பு இல்ல மாமி, வெயிலுதான்” என்றேன்.

துணியை விலக்கிப் பாட்டிலைத் தொட்டுப் பார்த்தார்கள். பிறகு, “மலையில தேங்கூடும் வெயில்லதான தொங்குது.” அப்படியே காக்காய் விரட்ட உட்கார்ந்துவிட்டார்கள்.

ஒரு மணிக்குத் தேன் இளகி ஓடியது. புரட்டினேன். அடுக்கினேன். வளையம் சரியாமல் நின்றது! மேலே கலர் சீரக மிட்டாய். முதல் உருண்டை ஸ்டெல்லாவுக்கு, மாமி கையால். அவள் மென்றாள், விழுங்கினாள், வாயைத் திறந்து காட்டினாள். “இன்னும்.”

டிச. 25, புதன்
பத்து வீட்டுக்கும் தட்டு போயாயிற்று. பிலோமி மதினி வீட்டுத் தட்டு கழுவாமலே பளபளவென்று திரும்பி வந்தது.

வாசலில் மாமி குரல்: “கடையிலயா? எம் மருமவ செஞ்சதுளா. இத்தாலிப் பலாரம்.”

உள்ளே வந்து என் காதோரம்: “எவளும் பக்குவம் கேட்டா சொல்லிராத. நம்ம வீட்டோட இருக்கட்டும்.”

சாயங்காலத்துக்குள் மூன்று பேர் கேட்டுவிட்டார்கள். மூன்று பேரிடமும் மைதா என்று மட்டும் சொன்னேன்.