மச்சானின் ஒன்பது கிலோ

அன்பும் வயிற்றெரிச்சலும் சரிபாதியாக, என் மச்சானுக்கு,

நீங்கள் போய் ஏழு மாதம் ஆகிறது. செத்தவர் மேல் பொறாமைப்படுகிற ஆள் உலகத்தில் நான் ஒருவனாகத்தான் இருப்பேன். உங்கள் தங்கை இதைப் படித்தால் எனக்குச் சோறு போடமாட்டாள். ஆனாலும் சொல்லிவிடுகிறேன்.

கொடைக்கானலில் இருபது வருடமாக நான் வேதியியல் வாத்தியார். என் மகள் கயல் பிளஸ் டூ படிக்கிறாள். வீட்டிலேயே வாத்தியார் இருக்க, லீவு விட்டால் கூக்கால் கிராமத்தில் இருக்கும் உங்கள் பீன்ஸ் தோட்டத்துக்கு ஓடிவிடுவாள். திரும்பி வந்தால் மாமா புராணம். எந்த வெப்பத்தில் எவ்வளவு கரையும் என்று காட்டும் கரைதிறன் வளைகோட்டைக்கூட உங்களிடம்தான் படித்தாள் என்று நினைத்திருந்தேன். பத்தாவது தாண்டாத உங்களிடம். எனக்கு எப்படி இருக்கும், சொல்லுங்கள்?

தோட்டத்தை இப்போது உங்கள் வீட்டு அக்காதான் பார்க்கிறார். கொடி நன்றாக ஏறியிருக்கிறது. சனி, ஞாயிறு நானும் கயலும் ஒத்தாசைக்குப் போகிறோம். பஸ் மட்டும் நீங்கள் திட்டிய அதே லட்சணத்தில் வருகிறது.

போன சனிக்கிழமை மதியம், மறுநாள் காலை சொட்டுநீர்க் குழாயில் விடுவதற்காகப் பொட்டாசியம் நைட்ரேட் உரத்தை டிரம்மில் ஐம்பது லிட்டர் தண்ணீர் பிடித்துக் கரைத்தேன்.

"அப்பா, மாமா ஒம்பது கிலோதாம்பா போடுவாங்க" என்றாள் கயல்.

"இருபது டிகிரியில நூறு கிராம் தண்ணிக்கு முப்பத்திரண்டு கிராம் கரையும். ஐம்பது லிட்டருக்குப் பதினாறு கிலோ. நான் பதினஞ்சுதான் போடுறேன். ஒங்க மாமாவுக்கு என்ன தெரியும்?"

அவள் பீன்ஸ் பறிக்கப் போய்விட்டாள். கரையக் கரையத் தண்ணீர் சில்லிட்டது. கொஞ்சம் வெந்நீர் ஊற்றிக் கலக்கினேன். ஒரு பொடி மிச்சமில்லை. உங்களை ஜெயித்துவிட்டதாக நினைத்துக்கொண்டேன், மச்சான். செத்த மனுஷனை ஜெயிப்பதில் அப்படியொரு சந்தோஷம்.

காலையில் வால்வைத் திறந்தால் உரம் போகவில்லை. டிரம்மின் அடியில் ஊசி ஊசியாக வெள்ளைப் படிகம். வடிகட்டி அடைத்துக் கிடந்தது. டிரம்மில் நீங்கள் கட்டிவைத்த தெர்மாமீட்டர் எட்டு டிகிரி காட்டியது.

சாப்பாட்டு உப்பின் கோடு வெப்பம் ஏறினாலும் இறங்கினாலும் படுத்தே இருக்கும். இந்த உரத்தின் கோடோ மலைப்பாதை போல ஏறும், குளிர்ந்தால் அப்படியே இறங்கும். வருடாவருடம் நானே பலகையில் வரைகிறேன். வினாத்தாளில் வெப்பநிலையை நாங்களே கொடுத்துவிடுவோம். பிள்ளைகள் அங்கிருந்து நேராக மேலே போய்க் கோட்டைத் தொட்டால் மதிப்பெண். கூக்காலில் யார் எழுதிக் கொடுப்பார்கள்? நீங்கள் விடிகாலைக் குளிரில் விரலை வைத்து அந்தக் கோட்டைப் படித்திருக்கிறீர்கள். எட்டு டிகிரியில் ஐம்பது லிட்டரில் சுமார் பத்துக் கிலோதான் கரைந்து நிற்கும்; அதுதான் ஒன்பது கிலோ.

இருவரும் உட்கார்ந்து வடிகட்டியைக் கழுவினோம். "இதெல்லாம் ஒங்க மாமா ஒனக்கு எப்பச் சொல்லிக் குடுத்தாரு?" என்று கேட்டேன்.

"மாமா எங்க சொல்லிக் குடுத்தாங்க? நான்தாம்பா அவங்களுக்குச் சொல்லிக் குடுத்தேன். மொதல்ல உங்ககிட்டதான் கேட்டாங்களாம்."

எனக்கு ஞாபகம் வந்தது. ஒரு தீபாவளி மதியம். "உரம் ஏன் மாப்ள காலையில கல்லாக் கெடக்கு?" என்றீர்கள். "அதெல்லாம் உங்களுக்கு எதுக்கு மச்சான்?" என்றேன். படித்துக்கொண்டிருந்த பேப்பரைக்கூட நான் மடக்கவில்லை.

நீங்கள் அவளுடைய புத்தகத்தை மடியில் வைத்துக்கொண்டு, "கோட்டுக்கு மேல போனா கீழ உக்காந்துருமா டீச்சர்?" என்று கேட்பீர்களாம். சொல்லும்போது சிரித்தாள். நீங்கள் போனபிறகு அவள் சிரித்து அன்றுதான் பார்த்தேன்.

அவள் உங்கள் மாணவி என்று இத்தனை நாள் பொறாமைப்பட்டேன். நீங்கள் அவளுடைய மாணவர் என்று தெரிந்தபிறகு வயிறு இன்னும் அதிகமாக எரிகிறது. இந்தப் பதினேழு வருடத்தில் எனக்குத் தெரியாத ஒன்றை நான் அவளிடம் கேட்டதேயில்லை. தெரிந்ததைத்தான் கேட்டிருக்கிறேன், சரியாகச் சொல்கிறாளா என்று பார்ப்பதற்காக.

வருகிற சனிக்கிழமை எத்தனை கிலோ போடலாம் என்று அவளிடம் கேட்கப்போகிறேன். குளிர் இன்னும் கூடியிருக்கிறது. ஒன்பதும் செல்லாது போலிருக்கிறது. நான் கணக்குப் போட்டுப் பார்க்கவில்லை. கேட்கும்வரை போடவும் மாட்டேன். இது சத்தியம், மச்சான்.

உங்கள் தங்கையைக் கட்டியவன்,
கயலின் அப்பா